அறுபத்தெட்டுப் படமும் ஓர் இருமலும்

நெல்லில் ஈரம் பதினேழுக்கு மேல் போனால்
மூட்டையைத் திருப்பி அனுப்பிவிடுவேன்.
கொள்முதல் நிலையத்தில்
இருபத்தாறு வருஷம் பட்டியல் எழுதியவள்.
எண்ணுவது எனக்குத் தொழில்.
அதனால் சொல்கிறேன்,
என் வீட்டுக்காரர் பக்கிரிசாமி
அறுபத்தெட்டுப் படத்தில் இருக்கிறார்.
எழுத்து போடும்போது பெயர் வந்தது நான்கில்.
அதிலும் ஒன்றில் பக்கிரிராமி.
மீதிக்கெல்லாம் மற்றும் பலர்.

டாக்டராகப் பதினொன்று
(கண்ணாடியைக் கழற்றுவார், அவ்வளவுதான்,
எதிரே அழத் தொடங்கிவிடுவார்கள்).
எல்லாம் முடிந்த பிறகு வரும் இன்ஸ்பெக்டர் ஒன்பது.
பெண்ணுக்கு அப்பா, எதிர்த்தரப்பு வக்கீல்,
இடைவேளைக்கு முன்பே சுடப்படும் ஜமீன்தார்.
பிணமாக மட்டும் ஒரு படம்.
அதற்குத்தான் இரட்டைச் சம்பளம்,
மூச்சை நன்றாக அடக்கினார் என்று.

ராத்திரி ரயிலேறிப் போவார்.
ஒரு வேட்டி, ஒரு கோட்டு, சவரக்கத்தி.
திரும்பி வந்து மூணாறு தலைப்பில் முங்கினால்
காதுமடலுக்குப் பின்னால் மிஞ்சிய ரோஸ் பவுடர்
தண்ணீரில் கரையும்.
வெண்ணாற்றோடு போனதா, கோரையாற்றோடா, பாமணியோடா,
யார் பார்த்தது.

ஒரு தடவை
லோடுமேன்கள் பதினாலு பேரையும்
இரண்டாம் ஆட்டத்துக்குக் கூட்டிப்போனேன்.
டிக்கெட் என் செலவு.
கோர்ட் சீனில் நாலு பக்க வசனம் என்றிருந்தார்.
வெட்டிவிட்டார்கள்.
கதாநாயகன் அழுகிறான், ஓரத்தில்
கறுப்பு அங்கி போட்ட ஓர் இடது தோள்.
"அதுதான்" என்றேன்.
தைலான் மட்டும் விசிலடித்தான்.
அந்த வாரம் முழுக்க
மூட்டையைத் தூக்குமுன் ஒவ்வொருத்தனும்
என்னைப் பார்த்து
இடது தோளைத் தூக்கிக் காட்டினான்.

முகம் ஜமீன், குரல் குமாஸ்தா என்று
முதல் படத்திலேயே சொல்லிவிட்டார்களாம்.
இவர் வாயசைப்பார்.
வடபழனியில் யாரோ ஒருவர்
இருட்டறையில் நின்று பேசுவார்.
அந்த ஆள் பெயரும் எழுத்தில் வராது.
இருவரும் சந்தித்ததே இல்லை.
பொங்கலுக்கு ஒரு வாழ்த்து அனுப்பலாம் என்பார்.
விலாசம் தெரியாது.

நீடாமங்கலம் கேட் மூடினால்
நெல் வேகன் கோர்த்து முடிய அரை மணி.
பஸ்ஸைவிட்டு இறங்கி நிற்பவர்கள்
ஒவ்வொருவராக இவர் பக்கம் திரும்புவார்கள்.
"சார், நீங்க அந்த..."
"கூட்டுறவு பேங்க்ல இருந்தீங்களா?"
"எங்க மாமாவுக்கு ஆபரேஷன் பண்ணின டாக்டர்தானே?"
ஆமாம் என்பார்.
மூட்டுவலிக்கு மாத்திரைகூடச் சொல்லியிருக்கிறார்.
கேட் திறந்ததும் மறந்துபோவார்கள்.
எனக்குத்தான் கோபம் வரும்.
அரை மணி நேரம், குளோசப்பில், வெட்டாமல்
யாருக்குக் கிடைக்கும் என்பார்.

போன தையில் பக்கவாதம்.
வலது கை போயிற்று. பேச்சு போயிற்று.
தஞ்சாவூர் ஆஸ்பத்திரியில்
டாக்டர் கண்ணாடியைக் கழற்றவில்லை.
நாங்கள் இருவரும் அதைத்தான்
பார்த்துக்கொண்டிருந்தோம்.

இப்போது மத்தியானப் படங்களில்
அவர் முகம் கணீரென்று பேசுகிறது,
வடபழனிக்காரர் குரலில்.
இங்கே கட்டிலில் அதே முகம்
ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டு.
அப்போதுதான் உறைத்தது எனக்கு.
அறுபத்தெட்டில் ஒன்றில்கூட அவர் பேசவில்லை.
வீட்டிலும் யாரும் பிடித்து வைக்கவில்லை.
"சாவிய எங்க வச்ச" என்கிற அந்தக் கிளிக்குரல்
எந்தப் பட்டியலிலும் ஏறவில்லை.

ஒரு படம் இருக்கிறது.
மளிகைக் கடைக்காரர் வேஷம், மூன்றாவது ரீல்.
மிளகாய் மூட்டையைப் பிரிக்கையில்
நிஜமாகவே இருமிவிட்டார்.
வசனத்தை மாற்றியவர்கள்
இருமலை அப்படியே விட்டுவிட்டார்கள்.

செவ்வாய்க்கிழமை போட்டான்.
சத்தத்தைக் கூட்டிவைத்துக்
காதை டிவியில் ஒட்டிக்கொண்டேன்.
வயலினுக்கும் தராசுத் தட்டுக்கும் நடுவே
இரண்டு தரம்,
சின்னதாக,
அவருடையது.

திரும்பிப் பார்த்தேன்.
இடது தோளைத் தூக்கிக் காட்டினார்.